மோரீசுத் தீவின் அரசுச் சின்னம்

ஒரு நாட்டின் அரசுச் சின்னம் அந்நாட்டு வரலாற்றைச் சிறு வடிவிற் சுருக்கிக் காட்டுவதாகும். அதனைக் கற்போர், காட்டப்பெற்றவற்றோடு காட்டப்பெறாதவற்றையும் ஒருங்கே நோக்குதல் வேண்டும். இந்து மாகடலிலுள்ள மோரீசுத் தீவின் சின்னத்தை இம்முறையில் ஈண்டு ஆராய்வாம்.

இச்சின்னம் 1906-ஆம் ஆண்டில் ஏழாம் எட்வர்டு மன்னரால் வழங்கப்பெற்றது. 1968-இல் தீவு விடுதலை பெற்ற பின்னரும், 1992-இல் குடியரசான பின்னரும் அதுவே நிலைத்துளது. நடுவிலுள்ள கேடயம் நான்கு கூறுகளையுடையது. நீலமும் பொன்னிறமும் மாறிமாறி அமைந்த அக்கூறுகளில் முறையே பாய்மரக்கலமும், பனையினத்து மரங்கள் மூன்றும், செந்நிறத் திறவுகோலும், வெண்ணிற விண்மீனும் விளங்குகின்றன. 'இந்து மாகடலின் விண்மீனும் திறவுகோலும்' எனப் பொருள்படும் இலத்தீன் தொடர் கீழே பொறிக்கப்பட்டுளது.

கலம், கடல்வழி வந்த குடியேற்றத்தை நினைவூட்டுவது. திறவுகோலின் கருத்து யாது? ஆப்பிரிக்காவின் தென்முனையைச் சுற்றி இந்தியாவிற்குச் சென்ற கப்பல்களுக்கு இத்தீவு தங்குதுறையாயிருந்தது. இதனைக் கைக்கொண்டோர் அவ்வழியையே கைக்கொண்டோராவர். ஆங்கிலேயர் 1810-இல் பிரெஞ்சுக்காரரிடமிருந்து இதனைக் கைப்பற்றியமைக்கு இதுவே காரணம். ஆயின் 1869-இல் சூயசுக் கால்வாய் திறக்கப்பெற்றமையால், சின்னம் வழங்கப்பெறுமுன்னரே அத்திறவுகோலின் ஆற்றல் பெரிதும் குன்றிற்று.

கேடயத்தின் ஒருபுறம் டோடோ என்னும் பறவையும், மறுபுறம் கடமானும் நிற்கின்றன. டோடோ பறக்கவியலாதது, இத்தீவிலன்றி வேறெங்கும் வாழ்ந்ததில்லை. 1598-இல் ஒல்லாந்தர் கரையேறிய பின்னர், வேட்டையாலும், மனிதரோடு வந்த பன்றி, எலி, குரங்கு முதலியன அதன் முட்டைகளை அழித்தமையாலும், ஒரு நூற்றாண்டிற்குள் அவ்வினமே மறைந்தொழிந்தது. மானோ, 1639-இல் சாவகத்தினின்று ஒல்லாந்தராற் கொணரப்பட்டது. மண்ணிற்குரியது மாண்டது, வந்தேறியது வாழ்கின்றது. இவ்விரண்டும் ஒவ்வொரு கரும்பைப் பற்றி நிற்கின்றன. அக்கரும்பும் ஒல்லாந்தர் கொணர்ந்ததே.

இனி, காட்டப்பெறாததைக் காண்பாம். கரும்பை நட்டு வெட்டிய மாந்தருள் ஒருவர் வடிவேனும் இச்சின்னத்தில் இல்லை. ஆப்பிரிக்காவினின்றும் மடகாஸ்கரினின்றும் கொணரப்பட்ட அடிமைகள் முதலில் உழைத்தனர். 1835-இல் அடிமைமுறை ஒழிந்தது. 1834 முதல் 1920 வரை ஏறத்தாழ ஐந்து இலட்சம் இந்தியர் ஒப்பந்தக் கூலிகளாய் அங்கு வந்திறங்கினர். அவருள் தமிழர் பலர். பிரெஞ்சுக்காரர் காலத்திலேயே புதுச்சேரியினின்று கைவினைஞர் சென்றதும் உண்டு. அவர்தம் வழித்தோன்றல்கள் வாழும் அந்நாட்டின் பணத்தாள்களில் இன்றும் தமிழெழுத்துப் பொறிக்கப்படுகின்றது. கூலிகள் வந்திறங்கிய ஆப்பிரவாசி காட் என்னும் துறையும் 2006-இல் உலகப் பாரம்பரியக் களங்களுள் ஒன்றாக ஏற்கப்பெற்றது.

பறவை மறைந்தது, திறவுகோல் வலியிழந்தது. கரும்போ மக்கள் உழைப்பால் அத்தீவை வாழ்வித்தது. ஆதலின் அவ்விரு கரும்புகளையும் வெறும் விளைபொருளாகக் கொள்ளாது, அவற்றை விளைத்த கைகளின் அடையாளமாகக் கொள்ளுதலே நமக்குத் தகுவதாம்.