ரோசியும் ராஜம்மாளும்

நம் ஞாயிறு தமிழ் வகுப்பில் ஒருநாள், "மலையாளத் திரைப்படத்தின் முதல் கதாநாயகி யார்?" என்று கேட்டேன். பிள்ளைகள் பல பெயர்களைச் சொன்னார்கள். பி. கே. ரோசி என்ற பெயர் மட்டும் வரவில்லை. அவர்களைக் குறை சொல்ல முடியாது. இந்த ஊரில் பல ஆண்டுகள் குடியிருந்தும் எனக்கே அது பிந்தித்தான் தெரியவந்தது. அவர் கதையில் நம் நாகர்கோவிலுக்கும் பங்குண்டு. ஆகவே இம்முறை அதையே பாடமாக எடுத்துக்கொள்வோம்.

நாடக மேடையிலிருந்து

ரோசி திருவனந்தபுரத்தில், ஒடுக்கப்பட்ட புலையர் சமூகத்தில் பிறந்தவர். இயற்பெயர் ராஜம்மா. கூலி வேலை செய்துகொண்டே காக்காரிசி நாடகத்தில் நடித்தார். சிவனும் பார்வதியும் நாடோடிகளாக வரும் கதை அது. தமிழும் மலையாளமும் கலந்த பாட்டும் பேச்சும் கொண்டது. பெண் வேடத்தையும் ஆண்களே கட்டிய காலத்தில் அவர் மேடை ஏறினார்.

ஒரே ஒரு படம்

கன்னியாகுமரி அருகே அகஸ்தீஸ்வரத்தில் 1900 இல் பிறந்த ஜே. சி. டேனியல், தம் நிலத்தை விற்றுத் திருவனந்தபுரம் பட்டம் பகுதியில் படப்பிடிப்பு நிலையம் அமைத்தார். அங்கே உருவான ஊமைப் படம் 'விகதகுமாரன்'. புராணக் கதைகளே படமான நாளில் இது சமூகக் கதை. பம்பாயிலிருந்து வரவழைத்த நடிகை ஒத்துவராமல் போகவே, சரோஜினி என்னும் நாயர் பெண் பாத்திரம் ரோசிக்குக் கிடைத்தது.

படம் கேப்பிட்டல் கொட்டகையில் திரையிடப்பட்டது. ஆண்டு 1928 என்பது பழைய கணக்கு. 1930 என்பது பிந்தைய ஆய்வாளர் கருத்து. எதுவாயினும், திருவிதாங்கூரில் எல்லோருக்கும் கோயில் கதவு திறந்த 1936 ஆம் ஆண்டுக்கு முந்தைய காலம். தொடக்க விழாவுக்கு ரோசி வரக்கூடாது என்றார்கள். அவர் கூந்தல் பூவைக் கதாநாயகன் முத்தமிடும் காட்சி வந்ததும் கூட்டம் கொதித்தது. திரையின் மேல் கல் விழுந்தது. பின்னர் அவர் குடிசையும் எரிக்கப்பட்டது.

லாரியில் வந்தவர்

உயிர் தப்பிய ரோசி லாரி ஒன்றில் ஏறி நாகர்கோவில் பக்கம் வந்து சேர்ந்தார். லாரி ஓட்டுநர் ஒருவரை மணந்து, ராஜம்மாளாகவே வாழ்ந்தார். மறுபடி திரையில் தோன்றவில்லை. டேனியலும் கடன்பட்டு நிலையத்தை இழந்தார். பல் வைத்தியராகப் பிழைத்து, 1975 இல் அகஸ்தீஸ்வரத்தில் காலமானார். அந்தப் படத்தின் பிரதி இன்று இல்லை.

பெயர் திரும்பிய விதம்

கேரள அரசு 1992 இல் டேனியல் பெயரில் விருது ஏற்படுத்தியது. ரோசியின் பெயர் மேலும் தாமதித்தது. வினு ஆபிரகாமின் 'நஷ்ட நாயிகா' நாவலும், கமல் இயக்கிய 'செல்லுலாயிட்' படமும் (2013) அவரைப் பலருக்கும் அறிமுகப்படுத்தின. 2019 இல் கேரளத் திரைப்பெண்கள் அவர் பெயரில் திரைப்படச் சங்கம் தொடங்கினர்.

இதில் நான் கற்றது ஒன்று. ரோசிக்கு நடிக்கத் தெரியவில்லை என்று யாரும் கல் எறியவில்லை. இன்ன சாதிப் பெண் இன்ன சாதிப் பெண்ணாக நடிக்கலாமா என்றே எறிந்தார்கள். நம் ஊர் அவருக்கு நிழல் கொடுத்தது உண்மை. ஆனால் நடிகை ரோசியாக அல்ல. வாய் திறக்காத ராஜம்மாளாகத்தான். அடைக்கலம் பெரிது, அதற்கு விலையாகப் பெயரையே கொடுக்க வேண்டியிருந்தது சிறிதன்று.

வீட்டில் பேசுவதற்கு:

1. டேனியலுக்கு முதலிலும் ரோசிக்குப் பிந்தியும் மதிப்புக் கிடைத்தது ஏன்?

2. ஊர் மாறி வந்த நம் பாட்டிமார், சொல்லாமல் விட்ட திறமை எதுவும் உண்டா? இந்த ஞாயிறு கேட்டுப் பாருங்கள்.