சென்னைக்கு வண்டி ஏறும் முன்

கேள்வி: மிளகுத் தோட்ட வேலைக்கு நடுவே நானே பாட்டு எழுதி, மெட்டுப் போட்டு ஊர்த் திருவிழாக்களில் பாடுகிறேன். சினிமாவுக்கு எழுதிப் பாட ஆசை. ‘மலையில் இருந்தால் ஆகாது, சென்னைக்குப் போ’ என்கிறார்கள். போகலாமா?
– ஒரு வாசகர், வளப்பூர் நாடு, கொல்லிமலை

பதில்: போகலாம், ஆனால் வெறுங்கையோடு போகாதீர்கள். சொந்தப் பாட்டுக்காரர்களைச் சினிமா பெரும்பாலும் அவர்கள் ஏற்கெனவே பாடிக்கொண்டிருக்கும் இடத்தில்தான் கண்டெடுக்கிறது.

கேரளத்தின் அட்டப்பாடியைச் சேர்ந்த நஞ்சியம்மா இருளர் சமூகத்தவர். ஒரு கலைக்குழுவில் பாடிவந்தவர். 2020இல் வந்த ‘அய்யப்பனும் கோஷியும்’ மலையாளப் படத்துக்குத் தன் மொழியிலேயே எழுதிப் பாடினார். 2022இல் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அவருக்கு அறிவிக்கப்பட்டபோது, முறையாகச் சங்கீதம் படிக்காதவருக்கா என்று முணுமுணுத்தவர்களும் உண்டு. விருது அவரிடம்தான் போனது.

அரக்கோணத்துப் பாடகர் அறிவு, இயக்குநர் பா.ரஞ்சித் முன்னெடுத்த ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ இசைக்குழுவில் பாடியவர். அதே ரஞ்சித்தின் ‘காலா’வுக்கு (2018) பாட்டு எழுதினார். படம் கிடைத்ததும் சொந்தப் பாட்டை விட்டுவிடவில்லை. மறு ஆண்டே ‘தெருக்குரல்’ தொகுப்பு வந்தது. ‘மாஸ்டர்’ படத்தின் ‘வாத்தி ரெய்டு’ அதற்குப் பிறகுதான்.

ஆகவே, உங்கள் பாட்டுகளில் நல்லதாக ஐந்தைத் தேர்ந்தெடுத்து, சத்தமில்லாத அறையில் செல்போனிலாவது பதிவு செய்யுங்கள். உங்கள் பெயரிலேயே யூடியூபில் ஏற்றுங்கள். எப்போது எழுதினீர்கள் என்பதற்கு அது சாட்சியாகவும் நிற்கும். ஆடியில் உங்கள் மலையின் செம்மேட்டில் நடக்கும் வல்வில் ஓரி விழாவில் பாட வாய்ப்புக் கேளுங்கள். வழிவழியாக வரும் ஊர்ப் பாட்டை மட்டும் சொந்தப் பாட்டென்று யாருக்கும் எழுதிக்கொடுக்காதீர்கள். அது ஊருக்குச் சொந்தம்.

வாய்ப்பு வந்தால், கையெழுத்துப் போடும் முன் ஒப்பந்தத்தை நிதானமாகப் படியுங்கள். பாட்டை எழுதிய கணமே பதிப்புரிமை உங்களுடையது. அதை அரசிடம் பதிவு செய்வது கட்டாயமில்லை. எத்தனை ஆண்டுக்கு உரிமை தருகிறீர்கள் என்று ஒப்பந்தத்தில் குறிப்பிடாவிட்டால், சட்டம் அதை 5 ஆண்டு என்றே கொள்ளும். 2012இல் வந்த திருத்தம் இன்னும் முக்கியமானது. வரியையும் மெட்டையும் படத்துக்குக் கொடுத்துவிட்டாலும், தியேட்டருக்கு வெளியே வானொலி, டிவி, இணையம் என்று பாட்டு ஒலிக்கும்போது வரும் ராயல்டியில் சமபங்கு பெறும் உரிமை உங்களை விட்டுப் போகாது. ‘எல்லா உரிமையையும் விட்டுக்கொடுக்கிறேன்’ என்று எழுதி வாங்கினாலும் இந்தப் பங்கை அது பறிக்க முடியாது. அந்தப் பணத்தை வசூலித்துத் தருவதற்கு மும்பையில் ஐ.பி.ஆர்.எஸ். என்ற சங்கம் இருக்கிறது. எழுதுபவரும் மெட்டமைப்பவரும் அதில் உறுப்பினராகலாம்.

‘சான்ஸ் வாங்கித் தருகிறேன், முன்பணம் கொடு’ என்று யாராவது கேட்டால் பேச்சை அங்கேயே முடித்துக்கொள்ளுங்கள். பாட்டுக்காரருக்குத்தான் சம்பளம், வாய்ப்புக்காகப் பாட்டுக்காரர் கட்ட வேண்டிய கட்டணம் எதுவும் இல்லை.