ஐம்பதாயிரம் அடிச் சுருள் கற்பிக்கும் பாடம்

நான் இரயில்வேயில் பொறியாளராக இருந்து ஓய்வு பெற்றவன். பாலத்தின் மூல வரைபடத்தை நாங்கள் வேலைத்தளத்துக்கு அனுப்புவதில்லை. அது அலுவலகத்திலேயே இருக்கும். அனுப்புவது அதன் நகலை மட்டுமே. நகலிலும் தேதியும் திருத்த எண்ணும் இருந்தாக வேண்டும். பழைய திரைப்படச் சுருள்களைச் சரித்திரச் சான்றாகக் காப்பதற்கும் இதே விதிதான்.

ஏ.கே. செட்டியாரை நம்மில் பலர் பயண நூலாசிரியராக அறிவோம். கோட்டையூரில் பிறந்த அவர், காந்தியடிகளைப் பற்றி ஆவணப்படம் எடுக்க 1937-இல் உறுதி பூண்டார். பல நாடுகளுக்கும் அலைந்து, பலர் பல ஆண்டுகளில் எடுத்திருந்த 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டினார். அதிலிருந்து 12,000 அடியைத் தொகுத்து, 1940-இல் தமிழ் விளக்கவுரையுடன் வெளியிட்டார்.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். 35 மில்லிமீட்டர் பேசும்படச் சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். 50,000 அடி என்றால் சுமார் ஒன்பதேகால் மணி நேரம். 12,000 அடி என்றால் இரண்டேகால் மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவு. தொகுப்பில் சேராத பகுதியும் சரித்திரமே அல்லவா?

1953-இல் அப்படம் அமெரிக்காவில் ஆங்கிலத்தில் மறுபடி தொகுக்கப்பட்டது. பிற்பாடு நெடுங்காலம் படமே கண்ணில் படவில்லை. ஆய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி தேடிக் கண்டெடுத்தது அந்த ஆங்கில வடிவத்தைத்தான். அது செட்டியாரின் உழைப்புக்குச் சான்று. ஆனால் 1940-இல் தமிழ் மக்கள் திரையில் கண்டதற்கு அதையே சான்றாகக் கொள்ள முடியாது. இந்த வேறுபாட்டை மறக்கலாகாது.

இன்னொரு நுட்பமும் உண்டு. மௌனப்படக் காலத்தில் பல காட்சிகள் வினாடிக்கு 16 முதல் 18 சட்டங்கள் வீதம் எடுக்கப்பட்டன. 16 சட்ட வீதத்தில் எடுத்ததை 24 சட்ட வீதத்தில் ஓட்டினால் மனிதர்கள் ஒன்றரை மடங்கு வேகத்தில் விரைவார்கள். காந்தியடிகள் வேக நடையர்தாம். எனினும் படத்தைக் கொண்டு அந்த வேகத்தை அளக்குமுன், சுருள் எந்த வீதத்தில் ஓடுகிறது என்று கேட்க வேண்டும்.

சுருள் அழிவதற்கும் காரணங்கள் உண்டு. பழைய நைட்ரேட் சுருள் எரியும்போது தனக்கு வேண்டிய பிராணவாயுவைத் தானே தருவதால், தண்ணீராலும் அணைப்பது கடினம். 2003 ஜனவரியில் புணேயில் நேர்ந்த தீ விபத்தில் அத்தகைய சுருள்கள் பல அழிந்தன. பின்னர் வந்த அசிடேட் சுருளுக்கு வெப்பமும் ஈரமுமே பகை. காடி வாடை வீசினால் சிதைவு தொடங்கிவிட்டது என்று பொருள்.

நம் சங்கத்திலும் இல்லங்களிலும் உள்ள பழைய சுருள்களுக்கும் வீடியோ கேசட்டுகளுக்கும் நாம் செய்ய வேண்டியவை:

1. காடி வாடை வரும் சுருளைத் தனியே பிரித்து வையுங்கள். மற்றவற்றைக் குளிர்ந்த, ஈரமற்ற இடத்தில் வையுங்கள். பரண் வேண்டாம்.

2. டிஜிட்டல் பிரதி எடுத்த பின்னும் மூலத்தை எறியாதீர்கள். பிரதியை இரண்டு இடங்களில் வையுங்கள்.

3. வெட்டுவதும் இசை சேர்ப்பதும் பிரதியில் மட்டுமே நடக்கட்டும். செய்த மாற்றத்தைக் குறித்து வையுங்கள்.

4. யார், எங்கே, எந்த ஆண்டு என்பதை முதியவர்கள் நம்மோடு இருக்கும்போதே கேட்டு எழுதுங்கள்.

வெளியூரில் பிறந்து வளரும் நம் பேரக்குழந்தைகளுக்கு, இங்கே முதலில் வந்து குடியேறியவர்களின் முகங்களை அந்தச் சுருள்களே காட்டும். பெயர் எழுதாத முகம் இன்னும் ஒரு தலைமுறையில் அந்நியர் முகமாகிவிடும். நான்காவது வேலையை இந்த ஞாயிற்றுக்கிழமையே தொடங்குமாறு வேண்டுகிறேன்.