ஒளி அலையா, துணிக்கையா? தலையீட்டுப் பரிசோதனைகள் தரும் விடை



ஒளி ஒரு மின்காந்த அலை என்று விஞ்ஞான வினாத்தாளில் எழுதுகிறீர்கள். அது சரியான விடை. புள்ளியும் கிடைக்கும். ஆனால் உயர்தரத்தில் பௌதிகவியல் கற்கச் செல்லும்போது, அதே ஒளியைத் துணிக்கைகளின் கூட்டமாகக் கருதும் பாடமொன்று உங்களுக்காகக் காத்திருக்கிறது. முன்னர் கற்றது பிழையா என்ற குழப்பம் அங்கே பலருக்கு ஏற்படுகிறது. தரம் 11இலேயே இதனைத் தெளிவாக்கிக்கொள்வது நல்லது. இதற்குத் தேவையான அறிவு அலைகள் என்னும் அலகில் உங்களுக்கு ஏற்கெனவே கிடைத்துவிட்டது.

மலையகத்து மாணவர்களுக்கு இங்கே ஒரு வசதியும் உண்டு. மற்றவர்கள் படத்தில் பார்ப்பதை நீங்கள் நேரில் பார்க்கலாம்.

மூடுபனியில் ஒரு வளையம்

காலை வெயில் முதுகில் பட மலைமுகட்டில் நிற்கிறீர்கள். கீழே பள்ளத்தாக்கு மூடுபனியால் நிரம்பியிருக்கிறது. அம்மூடுபனியின்மேல் உங்கள் நிழல் விழும்போது, தலையின் நிழலைச் சுற்றிச் சிறிய நிறவளையம் தோன்றுவதுண்டு. சிவப்பு அதன் வெளிப்புறத்தில் இருக்கும். பக்கத்தில் நிற்கும் நண்பருக்கு வளையம் தெரிவது அவருடைய தலையைச் சுற்றித்தான்! சிவனொளிபாதமலையின் உச்சியில் சூரிய உதயத்தின்போது மலையின் நிழலைச் சுற்றித் தோன்றிய இத்தகைய வளையத்தை, ரால்ஃப் ஆபர்குரோம்பி என்ற பிரித்தானிய வானிலை ஆய்வாளர் 1880களில் கண்டு எழுதினார். மூடுபனியிலுள்ள மிக நுண்ணிய நீர்த்துளிகள் ஒளியைத் திருப்பி அனுப்பும்போது ஒளியலைகள் ஒன்றோடொன்று சேர்வதால் இவ்வளையம் உண்டாகிறது.

1894இல் ஸ்கொத்லாந்தின் பென் நெவிஸ் மலையில் இதே போன்ற வளையங்களைக் கண்டவர் சி. ரி. ஆர். வில்சன். ஆய்வுகூடத்தில் செயற்கையாக மூடுபனியை உண்டாக்கி அவற்றை மீண்டும் பார்க்க அவர் விரும்பினார். அம்முயற்சி அவரை வேறோரிடத்துக்குக் கொண்டுசென்றது. அவர் அமைத்த ‘முகில் அறை’யில் 1911இல் கதிர்த்தொழிற்பாட்டுத் துணிக்கைகள் சென்ற பாதைகள் மெல்லிய வெள்ளைக் கோடுகளாகத் தெரிந்தன. ஒளியின் அலை இயல்பைக் காட்டும் வளையத்தைத் தேடியவருக்குக் கிடைத்தது, துணிக்கைகளைக் காட்டும் கருவி. அதற்காக 1927இல் நோபல் பரிசும் பெற்றார்.

அலைக்குரிய அடையாளம் எது?

தெறிப்பும் முறிவும் ஒளியின் இயல்புகள். ஆனால் சுவரில் மோதும் பந்தும் தெறிக்கிறது. எனவே தெறிப்பை வைத்து அலை என்று முடிவு செய்ய முடியாது. அலைக்கே உரிய அடையாளம் தலையீடு.

தோட்டத்து நீர்த்தொட்டியில் இரண்டு இடங்களில் ஒரே சீராக நீரைத் தட்டிப் பாருங்கள். ஓர் அலையின் முடியும் மற்றதன் முடியும் சந்திக்குமிடத்தில் நீர் அதிகமாக உயரும். முடியும் தாழியும் சந்திக்குமிடத்தில் நீர் ஏறத்தாழ அசையாமல் நிற்கும். முன்னையது ஆக்கும் தலையீடு, பின்னையது அழிக்கும் தலையீடு. ஒரு கூடைக் கொழுந்தின்மேல் இன்னொரு கூடைக் கொழுந்தைக் கொட்டினால் வெறுங்கூடை கிடைக்குமா? கிடைக்காது. துணிக்கைகளைக் கூட்டினால் கூடவே செய்யும். அலைகளைக் கூட்டினால் மட்டுமே பூச்சியம் வரமுடியும். ஆகவே, ஒளியுடன் ஒளியைச் சேர்த்து இருளைப் பெற முடிந்தால் ஒளி அலை என்பது உறுதியாகிவிடும்.

தோமஸ் யங் 1803இல் இலண்டனில் இதைச் செய்து காட்டினார். சாளரத் திரையிலிட்ட சிறு துளையினூடாக வந்த சூரிய ஒளிக்கற்றையின் நடுவே, ஓர் அங்குலத்தின் முப்பதில் ஒரு பங்கு அகலமுள்ள அட்டைத் துண்டை விளிம்புப் பக்கமாகப் பிடித்தார். அட்டையின் நிழலுக்குள்ளே ஒளிர்வரிகளும் இருள்வரிகளும் மாறிமாறித் தெரிந்தன. ஒரு பக்கத்து ஒளியை மறைத்தபோது அவ்வரிகள் மறைந்தன! இருபக்க ஒளியும் சேர்ந்தே வரிகளை உண்டாக்குகின்றன என்பதற்கு இதைவிடச் சிறந்த சான்று வேண்டியதில்லை. பாடநூல்களில் இரட்டைப் பிளவுப் பரிசோதனையே பெரிதாக வரையப்படுகிறது. என்றாலும் நடுவே தடையும் இருபுறமும் வழியும் கொண்ட இந்த எளிய அமைப்பே மாணவருக்கு விளங்க இலகுவானது.

செயற்பாடு: தலைமயிரின் தடிப்பை அளத்தல்

சாவிக்கொத்தில் தொங்கும் மலிவான சிவப்பு லேசர் லைட், ஒரு தலைமயிர், ஓர் அட்டைச் சட்டம் ஆகியன போதும். மயிரைச் சட்டத்தில் இழுத்து ஒட்டி, லேசர் கற்றை அதன்மேல் படுமாறு வைக்குக. இருட்டிய அறையில் 2 மீற்றர் தூரத்திலுள்ள சுவரைப் பார்த்தால், ஒளிர்பொட்டுகளும் இருள் இடைவெளிகளும் வரிசையாகத் தெரியும். (லேசர் கற்றையைக் கண்ணுக்கு நேரே ஒருபோதும் பிடிக்கக் கூடாது. கண்ணாடி போன்ற பளபளப்பான பரப்பிலும் படவிட வேண்டாம்.)

அடுத்தடுத்த இரு இருள் இடங்களுக்கிடையிலான தூரத்தை அளந்து பின்வருமாறு கணிக்கலாம்.

மயிரின் தடிப்பு = அலைநீளம் × சுவருக்குள்ள தூரம் ÷ இருள் இடங்களின் இடைத்தூரம்

சிவப்பு லேசரின் அலைநீளம் ஏறத்தாழ 650 நானோமீற்றர், அதாவது 0.00065 மி.மீ. சுவருக்குள்ள தூரம் 2000 மி.மீ. இடைத்தூரம் 13 மி.மீ. எனின்,

தடிப்பு = 0.00065 × 2000 ÷ 13 = 0.1 மி.மீ.

எல்லா நீளங்களையும் ஒரே அலகில் எழுதியிருப்பதைக் கவனிக்குக. பலர் புள்ளி இழப்பது அங்கேதான். மெல்லிய மயிராயின் இடைத்தூரம் கூடும் என்பதையும் சமன்பாட்டிலிருந்தே காணலாம்.

துணிக்கை என்பதற்குச் சான்று

கறுப்பு வெள்ளைப் படங்கள் கழுவிய ஸ்ரூடியோக்களின் இருட்டறையில் சிவப்பு விளக்கு எரியும். அந்தப் படத்தாளைச் சிவப்பொளி சாதாரணமாகப் பாதிக்காது. மங்கிய நீலவொளி பட்டாலோ தாள் கெட்டுவிடும். ஒளிச்சக்தி தொடர்ச்சியாக ஊறிச் சேர்வதாயின், சிவப்பு விளக்கின் கீழ்ச் சிறிது நேரம் கூடுதலாக வைத்தாலே தாள் கறுக்க வேண்டுமல்லவா? ஒளி சக்தியைக் கொடுப்பது தனித்தனிச் சொட்டுகளாக. சொட்டின் சக்தி மீடிறனுக்கு நேர்விகிதசமன். ஒரு சிவப்புச் சொட்டின் சக்தி அத்தாளில் மாற்றத்தைத் தொடக்கப் போதாது, நீலச் சொட்டின் சக்தி போதும். இக்கருத்தை 1905இல் ஐன்ஸ்ரைன் ஒளிமின் விளைவை விளக்கப் பயன்படுத்தினார். இச்சொட்டையே போட்டன் என்கிறோம்.

இரண்டையும் ஒன்றாகச் சோதித்தல்

போட்டன்கள் கூட்டமாகச் செல்வதால்தான் ஒன்றையொன்று பாதித்து வரிகளை உண்டாக்குகின்றனவா? 1909இல் கேம்பிரிட்ஜில் ஜி. ஐ. ரெய்லர் இதைச் சோதித்தார். யங்கின் அட்டைக்குப் பதிலாக ஊசி. ஒளி தந்தது ஒரு வாயுச்சுவாலை. புகைபிடித்த கண்ணாடிகளால் ஒளியை அவர் மிகவும் மங்கச் செய்தார். சராசரியாகப் பார்த்தால், ஒரு போட்டன் பெட்டியைக் கடந்த பின்பே அடுத்தது வரும் அளவுக்கு மங்கல். படத்தகடு ஏறத்தாழ மூன்று மாதம் பெட்டிக்குள் இருந்தது. கழுவிப் பார்த்தபோது பிரகாசமான ஒளியில் கிடைத்த அதே வரிகள் தெளிவாக இருந்தன.

ஒளிக்குத்தான் இப்படியென்று விட்டுவிட முடியாது. இலத்திரனுக்குத் திணிவும் ஏற்றமும் உண்டு. அதுவும் அலையியல்பு கொண்டது என்று 1924இல் டி புறோக்லி கூறினார். 1989இல் யப்பானில் அகிரா தொனோமுரா குழுவினர் ஒரு நேரத்தில் ஓர் இலத்திரன் மட்டும் செல்லுமாறு பரிசோதனை அமைத்தனர். நடுவே இருந்த தடை, ஆயிரத்தில் ஒரு மில்லிமீற்றரிலும் மெல்லிய ஓர் இழை. திரையில் முதலில் இங்கொன்றும் அங்கொன்றுமாகப் புள்ளிகள் விழுந்தன. சில நூறு புள்ளிகள் வரை ஒழுங்கேதும் தெரியவில்லை. பல்லாயிரம் புள்ளிகள் சேர்ந்தபின் திரையில் வரிகள்! ஒவ்வோர் இலத்திரனும் ஒரே ஓரிடத்தில் முழுமையாக வந்து சேர்ந்தது. அது துணிக்கை இயல்பு. எந்த இடத்தில் அதிகமாக, எந்த இடத்தில் குறைவாக என்பதைத் தீர்மானித்தது இழையின் இருபக்கப் பாதைகளும் சேர்ந்த அலை.

இலத்திரன் இரண்டாகப் பிளந்து செல்கிறது என்று எழுதிவிடாதீர்கள். பாதி இலத்திரனை எவரும் கண்டதில்லை. எந்தப் பக்கத்தால் சென்றது என்று அறியத்தக்க ஏற்பாட்டைச் செய்தால், வரிகள் மறைந்துவிடுகின்றன. ‘சில வேளை அலை, சில வேளை துணிக்கை’ என்று சில குறிப்புகளில் வரும் வாக்கியமும் எனக்குத் திருப்தியளிப்பதில்லை. தொனோமுராவின் திரையில் இரண்டும் ஒரே பரிசோதனையில் தெரிந்தனவே.

அப்படியாயின் கிரிக்கெட் பந்து ஏன் இவ்வாறு நடப்பதில்லை? டி புறோக்லியின்படி, பிளாங்கின் மாறிலியைத் திணிவு, வேகம் ஆகியவற்றின் பெருக்கத்தால் வகுக்க அலைநீளம் வரும். செக்கனுக்கு பத்து இலட்சம் மீற்றர் வேகத்தில் செல்லும் இலத்திரனுக்கு இது ஏறத்தாழ 0.7 நானோமீற்றர். பந்துக்கோ தசமப் புள்ளிக்குப் பின் முப்பதுக்கும் மேற்பட்ட பூச்சியங்கள் வரும் அளவு சிறிய நீளம். அதை அளக்கும் இழை எங்குமில்லை. எனினும் 60 காபன் அணுக்கள் கொண்ட மூலக்கூறுகளுக்கு 1999இல் வியன்னாவில் தலையீடு பெறப்பட்டது.

பயிற்சி

1. மேற்கூறிய செயற்பாட்டில் சிவப்பு லேசருக்குப் பதிலாக 532 நானோமீற்றர் அலைநீளமுடைய பச்சை லேசரைப் பயன்படுத்தினால் இருள் இடங்களின் இடைத்தூரம் யாது?

2. “இலத்திரன்கள் ஒன்றோடொன்று மோதுவதாலேயே வரிகள் உண்டாகின்றன.” இக்கூற்றை மறுக்கும் அவதானம் எது?

3. மயிரின் ஒரு பக்கத்து ஒளியை மெல்லிய தகட்டால் மறைத்தால் சுவரில் என்ன மாற்றம் ஏற்படும்? செய்து பார்த்து, யங் கண்டதுடன் ஒப்பிடுக.

விடைகள்: (1) 0.000532 × 2000 ÷ 0.1 = 10.64 மி.மீ. (2) ஒரு நேரத்தில் ஓர் இலத்திரன் மட்டும் சென்றபோதும் வரிகள் தோன்றியமை.