சங்கிலி இழுக்கும் வரைதான் ஏற்றம்

பழைய பாணி ரோலர் கோஸ்டரின் வண்டியில் என்ஜின் கிடையாது. முதல் மேட்டின் உச்சிவரை ஒரு சங்கிலி அதை இழுத்துக்கொண்டு போய் விடுகிறது. அதற்கப்புறம் நடப்பதெல்லாம் அந்த உயரத்தில் சேர்த்ததைச் செலவழிப்பதுதான். உராய்விலும் காற்றிலும் சக்தி கரைந்துகொண்டே வருவதால், அடுத்து வரும் மேடுகள் முதல் மேட்டைவிடத் தாழ்வாகத்தான் இருந்தாக வேண்டும்.

"வேலை ஒரே ரோலர் கோஸ்டர் மாதிரி இருக்கு சார்" என்று அலுத்துக்கொள்பவர்கள் சொல்ல வருவது வேறு. ஏறுகிறது, இறங்குகிறது, நம் கையில் என்ன இருக்கிறது என்பது அவர்கள் புலம்பல். பயணிக்கு அது சரி. அந்தப் பாதையைப் போட்ட பொறியாளருக்கோ தற்செயல் என்று அதில் எதுவும் இல்லை. எந்த இடத்தில் எவ்வளவு வேகம், எங்கே பிரேக், கழுத்து எவ்வளவு தாங்கும் என்று எல்லாமே வண்டி கிளம்பும் முன் போட்ட கணக்கு. வேலை பார்ப்பவர் பயணியாக உட்கார்ந்தபடியே பாதிப் பொறியாளராகவும் இருக்க வேண்டியிருக்கிறது. அந்தப் பாதியை எப்படிச் செய்வது என்று பார்ப்போம்.

இழுப்பது யார்?

2021, 2022-ல் ஐ.டி. துறையில் இருந்தவர்களுக்கு ஏற்றம் என்றால் என்னவென்று யாரும் சொல்லித்தர வேண்டாம். கையில் இரண்டு ஆஃபர் லெட்டரை வைத்துக்கொண்டு மூன்றாவதற்குப் பேரம் நடந்த காலம். 2022 ஜூன் காலாண்டில் இன்ஃபோசிஸில் வேலையை விட்டுப் போனவர்களின் விகிதம் 28.4 சதவீதம். 2023 பிப்ரவரிக்குள் காற்று திரும்பிவிட்டது. ஆண்டுக்கு 6.5 லட்சம் என்று பேசிவைத்திருந்த புதியவர்களிடம், 3.5 லட்சத்துக்குச் சம்மதமா என்று விப்ரோ கேட்டது. 2025 ஜூலையில் டி.சி.எஸ். தன் ஊழியர்களில் சுமார் 2 சதவீதம், அதாவது 12,000-க்கும் மேற்பட்டவர்களைக் குறைக்கப்போவதாக அறிவித்தது.

இந்த மூன்று ஆண்டுகளில் சென்னை ஓ.எம்.ஆரில் வேலை பார்த்தவர்களின் திறமை பாதியாகக் குறைந்துவிடவில்லை. சந்தை என்ற சங்கிலி நின்றது, அவ்வளவுதான். இது ஐ.டி.க்கு மட்டும் உரியதும் அல்ல. ஏற்றுமதி ஆர்டரை நம்பி இருக்கும் திருப்பூர்க்காரருக்கு இந்தக் கதை நன்றாகவே தெரியும்.

அதனால் சம்பளம் துள்ளி ஏறும் வருடத்தில் ஒரு கேள்வியைக் கேட்டுக்கொள்ளுங்கள்: சந்தை மந்தமாக இருக்கும் வருடத்திலும் எனக்கு இந்த உயர்வு கிடைத்திருக்குமா? நேர்மையாக யோசித்தால் ஒரு பகுதிக்கு "ஆமாம்" என்றும், மீதிக்கு "சந்தேகம்தான்" என்றும் பதில் வரும். அந்தச் சந்தேகப் பகுதியை நம்பி இ.எம்.ஐ. போடாதீர்கள். வீட்டுக்கடனுக்கு வங்கி எவ்வளவு தரத் தயார் என்பது வங்கியின் கணக்கு. முந்தைய சம்பளத்தில் கட்ட முடியுமா என்பதுதான் உங்கள் கணக்கு.

வண்டி ஏறும்போது கடகடவென்று ஒரு சத்தம் கேட்கும். பயத்தைக் கூட்டுவதற்காக வைத்தது என்று பலர் நினைக்கிறார்கள். சங்கிலி அறுந்தால் வண்டி பின்னோக்கி உருளாமல் பிடித்துக்கொள்ளும் இரும்புப் பற்களின் சத்தம் அது. உங்களுக்கும் அப்படிப் பற்கள் வேண்டும், அவற்றை மாட்ட ஏறும் நேரம்தான் தோது. ஆறு மாத வீட்டுச்செலவு தனிக் கணக்கில் இருக்கட்டும். கம்பெனி தரும் குழு மருத்துவக் காப்பீடு வேலையோடு போய்விடும். புதிதாக எடுக்கும் பாலிசியில் ஏற்கெனவே உள்ள நோய்களுக்குக் காத்திருப்புக் காலம் உண்டு. ஆகவே உடம்பும் வேலையும் நன்றாக இருக்கும்போதே குடும்பத்துக்கென்று சொந்தமாக ஒன்று எடுத்துவிடுங்கள். பி.எஃப். கணக்கின் யு.ஏ.என். எண்ணோடு இணைந்திருப்பது இப்போது நீங்கள் பயன்படுத்தும் கைபேசி எண்தானா என்று பாருங்கள். சம்பளச் சீட்டுகள், ஃபார்ம் 16, ஆஃபர் லெட்டர், பதவி உயர்வுக் கடிதம் எல்லாம் சொந்த மின்னஞ்சலில் ஒரு பிரதி இருக்க வேண்டும். அலுவலக லேப்டாப்பைத் திரும்ப வாங்கிக்கொள்ளும் நாளில் பாஸ்வேர்டு காலையிலேயே வேலை செய்யாது.

உயரம் கழுத்தை முறிப்பதில்லை

1895-ல் நியூயார்க்கின் கோனி ஐலண்டில் 'ஃப்ளிப் ஃப்ளாப்' என்ற ரோலர் கோஸ்டர் வந்தது. ஆட்களைத் தலைகீழாகச் சுழற்றும் வளையம், அச்சு அசல் வட்டம். ஏறி இறங்கியவர்கள் கழுத்தைப் பிடித்துக்கொண்டு போனார்கள். வட்டத்தில் நுழையும் அந்தக் கணத்தில் உடம்பின் மேல் அழுத்தம் ஒரேயடியாகப் பாய்ந்ததுதான் கோளாறு. 1976-ல் கலிஃபோர்னியாவின் மேஜிக் மவுண்டன் பூங்காவில் 'ரெவல்யூஷன்' வந்தபோது, ஜெர்மன் பொறியாளர் வெர்னர் ஸ்டெங்கல் வளையத்தைக் கண்ணீர்த்துளி வடிவத்துக்கு மாற்றியிருந்தார். கீழே வளைவு அகலம், உச்சியில் குறுகல். ஃப்ளிப் ஃப்ளாப்பைவிடப் பல மடங்கு உயரமான வளையம், ஆனால் கழுத்து தப்பியது. அழுத்தம் சிறுகச் சிறுகக் கூடிக் குறைந்ததே காரணம்.

என்னைக் கேட்டால், வேலை மாறுபவர்கள் சுவரில் எழுதிவைத்துக்கொள்ள வேண்டிய பொறியியல் இதுதான். புது கம்பெனி, புது ஊர், குழந்தைக்குப் புதுப் பள்ளி, புது வீட்டுக்கடன், எல்லாம் ஒரே ஜூன் மாதத்தில். இவற்றில் எதுவுமே தனியாக வந்தால் தாங்கக்கூடியதுதான். மொத்தமாக வரும்போது மூன்றாவது வாரத்திலேயே "இந்த வேலை எனக்குச் சரிவராது போலிருக்கே" என்ற எண்ணம் வந்துவிடும். வேலையில் குறையே இருக்காது. நுழைவு வளைவுதான் செங்குத்தாக இருந்திருக்கும். சேரும் தேதியைப் பேரம் பேசுங்கள். சம்பளத்துக்காக மல்லுக்கட்டும் நம் ஆட்கள் தேதிக்கு மட்டும் உடனே தலையாட்டிவிடுகிறார்கள். பழைய இடத்தில் கடைசி நாளுக்கும் புது இடத்தில் முதல் நாளுக்கும் நடுவே பத்து நாள் கிடைத்தால் போதும். வீடு பார்ப்பதை நிரந்தரப் பணி உறுதியான பிறகு வைத்துக்கொள்ளலாம். பதவி உயர்வு பெற்றவர்களுக்கும் இதேதான். டீம் லீடான முதல் வாரத்திலேயே எல்லா வழக்கத்தையும் மாற்றுகிறேன் என்று கிளம்பினால் கழுத்து வலி டீமுக்கு.

உச்சியிலும் அடியிலும் கையெழுத்து வேண்டாம்

அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் உதவிப் பேராசிரியருக்கு ஒரு கட்டத்தில் தீர்ப்பு நாள் வரும்: நிரந்தரப் பணி, அல்லது வெளியே. உளவியலாளர் டேனியல் கில்பர்ட்டும் உடன் ஆய்வாளர்களும் 1998-ல் வெளியிட்ட ஆய்வில் இப்படிப்பட்டவர்களிடம் அவர்கள் மனநிலை பற்றிக் கேட்டார்கள். கிடைக்காவிட்டால் பல ஆண்டுகளுக்கு மனம் உடைந்திருக்கும் என்பது தீர்ப்புக்கு முன் இருந்தவர்களின் கணிப்பு. உண்மையிலேயே கிடைக்காமல் போய்ச் சில ஆண்டுகள் ஆனவர்கள், கிடைத்தவர்கள் அளவுக்கே மகிழ்ச்சியாக இருந்தார்கள். அடி வலிக்காது என்று இதற்கு அர்த்தமில்லை. வலி எத்தனை நாள் நீடிக்கும் என்று அன்றைய தேதியில் நாம் போடும் கணக்கு பெரும்பாலும் தப்பு. கிடைத்த சந்தோஷத்துக்கும் அதே விதிதான்.

ஆகவே அப்ரைசல் அன்று ஒரு வழக்கத்தை வைத்துக்கொள்ளுங்கள். எதிர்பாராத ரேட்டிங் வந்தால் அந்த அறையில் விவாதம் வேண்டாம். "நான் எதிர்பார்த்தது இது இல்லை. வியாழக்கிழமை அரைமணி நேரம் பேசலாமா?" என்று கேட்டுவிட்டு எழுந்து வாருங்கள். வியாழக்கிழமை கேட்க வேண்டியவை மூன்று: எந்த வேலையில் குறை, எதை வைத்து அளந்தீர்கள், அடுத்த முறைக்குள் என்ன மாறியிருந்தால் போதும். பதிலை நீங்களே தொகுத்து, "நாம் பேசியது இதுதானே" என்று மேலாளருக்கு மெயில் போடுங்கள். ராஜினாமாக் கடிதம் எழுதியே ஆக வேண்டும் என்று கை துடித்தால் எழுதுங்கள், பெறுநர் கட்டத்தை மட்டும் காலியாக விட்டு இரண்டு இரவு தூங்குங்கள்.

நல்ல செய்திக்கும் இதே தடை வேண்டும். பதவி உயர்வு வந்த சாயங்காலம் கார் புக் செய்வதும், அந்த உற்சாகத்தில் இன்னும் இரண்டு ப்ராஜெக்ட்டைத் தலையில் போட்டுக்கொள்வதும், கோபத்தில் ராஜினாமா செய்வதும் ஒரே வகைத் தவறு. முதலிரண்டுக்கு வீட்டில் பாராட்டு கிடைக்கும் என்பதுதான் வித்தியாசம்.

திட்டு வாங்கிவிட்டு இரண்டு நிமிடத்தில் அடுத்த மீட்டிங்குக்குள் நுழைவதும் வேண்டாம். ரோலர் கோஸ்டர் தடத்தைப் பகுதி பகுதியாகப் பிரித்திருப்பார்கள்; ஒரு பகுதியில் ஒரு வண்டிதான். முன்னே போனது அந்தப் பகுதியைத் தாண்டாத வரை பின்னால் வருவதை பிரேக் பிடித்து நிறுத்திவிடும். கேன்டீன்வரை நடந்து ஒரு டீ குடித்து வருவது அந்த பிரேக்.

வேலையே போய்விட்டால்

அழைத்துச் சொன்ன அன்றே எதிலும் கையெழுத்து போடாதீர்கள். "நீங்களே ராஜினாமா செய்துவிடுங்கள், ரெக்கார்டுக்கு நல்லது" என்பார்கள். இருக்கலாம். நோட்டீஸ் காலச் சம்பளம், மீதமுள்ள விடுப்புக்கான பணம், கிராஜுட்டி, ரிலீவிங் லெட்டர், எந்தத் தேதிவரை மருத்துவக் காப்பீடு என்ற ஐந்தும் எழுத்தில் வந்த பிறகு முடிவு செய்யலாம். ஒரு நாள் அவகாசம் கேட்பது உரிமை. கொடுக்க மறுத்தால் காகிதத்தை இன்னும் கவனமாகப் படியுங்கள்.

வீட்டில் அன்றே சொல்லிவிடுங்கள். டிபன் பாக்ஸை எடுத்துக்கொண்டு காலையில் கிளம்பி, பார்க்கில் பொழுதைப் போக்கிவிட்டு ராத்திரி திரும்புகிறவர்கள் நம் ஊரில் இன்னும் இருக்கிறார்கள். செலவைக் குறைக்க வேண்டிய மாதத்தில் குடும்பத்துக்கு விஷயமே தெரியாமல் இருப்பதுதான் அதில் பெரிய நஷ்டம்.

அடுத்தது நம்பக் கடினமாக இருக்கும். அமெரிக்காவில் வேலை இழந்த பணியாளர்களை வைத்து ஸ்டெஃபனி ஸ்பெரா, ஜேம்ஸ் பென்னிபேக்கர் குழுவினர் செய்த ஆய்வு 1994-ல் வெளியானது. ஒரு பிரிவினர் தினமும் 20 நிமிடம், வேலை போனது பற்றிய கோபம், அவமானம் எல்லாவற்றையும் எழுதினார்கள். மற்றவர்கள் அப்படி எழுதவில்லை. எழுதியவர்களுக்குச் சீக்கிரம் வேலை கிடைத்தது. அதிக இன்டர்வியூவுக்குப் போனதால் கிடைத்ததும் இல்லை. பழைய கம்பெனி மேலுள்ள கசப்பைக் காகிதத்திலேயே இறக்கிவிட்டதால் புது முதலாளி முன்னால் அது தலைகாட்டவில்லை என்பது பென்னிபேக்கரின் விளக்கம். எனக்கு இது சரியாகவே படுகிறது. "பழைய இடத்தை ஏன் விட்டீர்கள்?" என்ற கேள்விக்குப் பதில் மூன்றாவது வாக்கியத்தைத் தாண்டினால், எதிரே இருப்பவர் பேனாவை வைத்துவிடுவார். ஒரு பழைய நோட்டு, ஒரு பேனா, கதவைச் சாத்த ஓர் அறை போதும். எழுதியதை லிங்க்ட்இன்னில் போடாதீர்கள்.

இன்டர்வியூ வாசலில் நெஞ்சு அடித்துக்கொண்டால் அதை அடக்கப் பார்க்க வேண்டாம். ஹார்வர்டின் அலிசன் உட் புரூக்ஸ் 2014-ல் வெளியிட்ட சோதனைகளில், பேசுவதற்கு முன் "நான் அமைதியாக இருக்கிறேன்" என்று சொல்லிக்கொண்டவர்களைவிட "நான் உற்சாகமாக இருக்கிறேன்" என்று சொல்லிக்கொண்டவர்கள் நன்றாகப் பேசினார்கள். பயத்திலும் குதூகலத்திலும் இதயம் வேகமாகத்தான் துடிக்கிறது. ரோலர் கோஸ்டர் டிக்கெட்டுக்குப் பணம் வாங்குவதே அந்த ரகசியத்தை வைத்துத்தான்.

வாரக்கணக்கில் தூக்கம் வராமல், எதிலும் பிடிப்பில்லாமல் போனால் அது வேறு விஷயம். மத்திய அரசின் டெலி மானஸ் மனநல உதவி எண் 14416. கட்டணம் இல்லை, தமிழிலேயே பேசலாம். வாழ்ந்தது போதும் என்ற எண்ணம் எட்டிப்பார்த்தால் வாரக்கணக்கெல்லாம் பார்க்காமல் அன்றைக்கே பேசுங்கள்.

கோளாறு தடத்தில் இருந்தால்

நியூ ஜெர்சியின் 'கிங்டா கா' 2005 முதல் 2024-ல் மூடப்படும் வரை உலகின் மிக உயரமான ரோலர் கோஸ்டராக இருந்தது. உயரம் 139 மீட்டர். பயணம் சுமார் அரை நிமிடம். பலமான காற்று வீசினால் இத்தகைய வண்டிகளை நிறுத்திவிடுவார்கள். காலையில் கூட்டத்தை உள்ளே விடும் முன் தடத்தைச் சோதிப்பார்கள், ஆளில்லாமல் ஓட்டிப் பார்ப்பார்கள். தினம் பத்து மணிநேரம் உட்கார வைக்கும் ரோலர் கோஸ்டர் எங்கும் கிடையாது, சில அலுவலகங்களைத் தவிர.

காலையில் பாராட்டு, மதியம் "உன்னை எதுக்கு வேலைக்கு எடுத்தோம்", சாயங்காலம் தோளில் கை. வெள்ளி இரவு பத்து மணிக்குப் புதுக் கெடு. இப்படி ஓடும் இடத்தில் மூச்சுப் பயிற்சியும் நோட்டில் எழுதுவதும் உங்களை இன்னும் கொஞ்ச நாள் தாக்குப்பிடிக்க வைக்கும், அதற்குமேல் ஒன்றும் செய்யாது. உணர்ச்சியைக் கையாளத் தெரியவில்லை என்று உங்களையே நொந்துகொள்வதை நிறுத்திவிட்டு, வேறு இடம் தேடுங்கள். வேலையில் இருந்துகொண்டே தேடுவது உத்தமம்.

சில கம்பெனிகள் இதையே பெருமையாகச் சொல்லிக்கொள்ளும். "இங்கே ஒரே ரோலர் கோஸ்டர்தான், அதை ரசிக்கிறவங்கதான் எங்களுக்கு வேணும்" என்று இன்டர்வியூவில் யாராவது சிரித்துக்கொண்டே சொன்னால், உங்கள் முறை வரும்போது இவற்றைக் கேளுங்கள். இந்த இருக்கையில் எனக்கு முன் இருந்தவர் எத்தனை நாள் இருந்தார், இப்போது எங்கே இருக்கிறார்? இரண்டு வருடத்தில் இந்த டீமுக்கு எத்தனை மேலாளர்கள்? போன மாதம் எத்தனை சனிக்கிழமை வேலை இருந்தது? தடம் சரியாக இருக்கும் இடத்தில் இதற்கெல்லாம் எண்ணாகப் பதில் வரும். "நீங்க ரொம்ப யோசிக்கிறீங்க" என்று வந்தால், ஆஃபரில் எழுதியிருக்கும் சம்பளம் எவ்வளவாக இருந்தாலும் அதே டீமிலிருந்து வெளியேறிய ஒருவரிடம் பேசிவிட்டு முடிவெடுங்கள். அப்படி ஒருவரைக் கண்டுபிடிப்பது சிரமமாக இருக்காது.