எம் 67.9: தொடை வலிக்கு எழுதப்படும் குறியீடும் உங்கள் வைத்தியக் கடதாசிகளும்

மண்டபம் முகாமிலிருந்தோ வன்னியிலிருந்தோ மடுல்கெல்லப் பக்கம் திரும்பும்போது அடையாள அட்டையையும் பிறப்புச் சான்றிதழையும் கவனமாகக் கொண்டுவருவீர்கள். பழைய வைத்தியக் கடதாசிகளையும் அவற்றோடு சேர்த்து வையுங்கள். அவற்றில் சிலவற்றில் "எம் 67.9" போன்ற ஓர் எழுத்தும் இலக்கமும் இருக்கலாம். அது மருந்தின் பெயரோ வார்டு இலக்கமோ அல்ல, உங்கள் நோய்க்குக் கொடுக்கப்பட்ட குறியீடு.

உலக சுகாதார நிறுவனம் நோய்களை வகைப்படுத்தி ஒவ்வொன்றுக்கும் ஒரு குறியீடு தந்திருக்கிறது. அதன் பத்தாவது பதிப்பு 1990இல் ஏற்றுக்கொள்ளப்பட்டது. ஐ.சி.டி-10 என்பது அதன் பெயர். இலங்கையில் அரச வைத்தியசாலை வார்டுகளில் தங்கிச் சிகிச்சை பெற்றவர்களின் நோய்கள் இந்த முறைப்படியே கணக்கெடுக்கப்படுகின்றன. ஓ.பி.டி. துண்டில் பொதுவாகக் குறியீடு இருக்காது, வைத்தியரின் எழுத்து மட்டுமே இருக்கும்.

எம் என்ற எழுத்து எலும்பு, மூட்டு, தசை நோய்களைக் குறிக்கும். 67 என்பது தசைநாணிலும் மூட்டின் உட்சவ்விலும் வரும் சில கோளாறுகள். தசைநாண் என்பது தசையை எலும்போடு கட்டும் கயிறு. "நரம்பு இழுத்திட்டுது" என்று நாம் சொல்வது பல நேரங்களில் இதைத்தான். உட்சவ்வு என்பது மூட்டுக்குள் எண்ணெய் போன்ற நீரைச் சுரக்கும் மெல்லிய தோல். புள்ளிக்குப் பின்னால் வரும் 9 "வகை குறிப்பிடப்படவில்லை" என்று பொருள்படும். அதற்குப் பின்னால் 5 சேர்ந்தால் இடுப்பு, தொடைப் பகுதி. அமெரிக்கா தனக்கென விரித்து எழுதிய பதிப்பில் இன்னும் ஓர் இலக்கம் உண்டு: எம் 67.951 வலது தொடை, 952 இடது தொடை, 959 எந்தத் தொடை என்றே எழுதப்படாதது.

"குறிப்பிடப்படவில்லை" என்பதைப் பார்த்து, நோய் இல்லை என்றோ நீங்கள் பொய் சொன்னதாக வைத்தியர் நினைத்தார் என்றோ எண்ண வேண்டாம். குறியீடு போடுபவர் வைத்தியர் எழுதியதை வைத்தே போட வேண்டும், ஊகிக்கக் கூடாது. வைத்தியர் அவசரத்தில் "தொடைத் தசைநாண் கோளாறு" என்று மட்டும் எழுதியிருந்தால் 9 தான் வரும். அன்றைக்கு அவ்வளவுதான் தெரிந்தது என்பதே அதன் அர்த்தம். ஆகவே பல மாதம் கழித்தும் வலி இருந்தால் பழைய கடதாசியே முடிவு என்று இருந்துவிடாதீர்கள். மறுபடி காட்டுங்கள்.

வைத்தியரிடம் எதைச் சொல்வது என்பது இங்கே முக்கியம். மலைச் சரிவில் விழுந்த பிறகு வலி வந்ததென்றால் அது காயம். இடுப்பு, தொடைத் தசைகளின் காயத்துக்கு எஸ் 76 என்ற வேறு குறியீடு உண்டு. கொழுந்துப் பையோடு நாள் முழுக்க ஏறி இறங்கி, அதே அசைவாலும் அழுத்தத்தாலும் வந்த வலிக்கு எம் 70 இருக்கிறது. காசநோய் மூட்டைப் பிடித்திருந்தால் அது எம் பகுதியிலேயே சேராது, ஏ 18.0 ஆகிவிடும், மருந்தும் முற்றிலும் வேறு. "கால் வலி ஐயா" என்று மட்டும் சொன்னால் இந்த வேறுபாடுகள் எதுவும் எழுத்தில் வராது. எந்தக் கால், எப்போது தொடங்கியது, விழுந்தீர்களா, என்ன வேலை, இரவில் காய்ச்சல் வருகிறதா, உடல் மெலிகிறதா, இத்தனையும் சொல்லுங்கள். இடுப்பு மூட்டிலோ முதுகிலோ உள்ள கோளாறும் தொடையில் வலியாகத் தெரியலாம், அதனால் அங்கே வலித்தாலும் மறைக்க வேண்டாம்.

வேலை நேரத்தில் விழுந்திருந்தால் அந்த நாளையும் இடத்தையும் எழுதச் சொல்லிக் கேளுங்கள். தோட்டத்துக்கும் உடனே அறிவியுங்கள். 1934ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கத் தொழிலாளர் நட்டஈட்டுச் சட்டப்படி கேட்கப் போகும்போது குறியீட்டைவிட வைத்தியர் எழுதிய வாசகமே உதவும்.

முதலில் மடுல்கெல்ல அரச வைத்தியசாலைக்குப் போகலாம். தேவைப்பட்டால் அங்கிருந்து கடிதம் தந்து கண்டி தேசிய வைத்தியசாலைக்கு அனுப்புவார்கள். அரச வைத்தியசாலையில் சிகிச்சைக்குக் காசு இல்லை. தமிழ்நாட்டுக் கடதாசிகள், எக்ஸ்ரே படங்கள் எல்லாவற்றையும் கொண்டு போங்கள். மூலப் பிரதியைக் காட்டிவிட்டு வாங்கிக்கொள்ளுங்கள், போட்டோ கொப்பியை மட்டும் கொடுங்கள். டயக்னோசிஸ் கார்ட் கையில் கிடைத்ததும் வாசலைத் தாண்டுமுன் பெயர், வயது, வலதா இடதா என்பதைச் சரிபாருங்கள். ஆங்கிலம் வாசிக்கத் தெரியாவிட்டால் நேர்ஸிடம் கேளுங்கள், வெட்கப்பட ஒன்றுமில்லை.

கிளினிக் நாளுக்காகக் காத்திருக்கக் கூடாத நிலைகளும் உண்டு. மூட்டு வீங்கிச் சுட்டுக் காய்ச்சலும் அடித்தால், காலை ஊன்றவே முடியாவிட்டால், ஒரு கால் மட்டும் திடீரென வீங்கினால், பிள்ளை காரணமில்லாமல் நொண்டினால் அன்றைக்கே போங்கள். வாகனம் இல்லையென்றால் 1990க்கு அழையுங்கள். அந்த அம்பியூலன்சுக்கும் கட்டணம் இல்லை.