மொய்ப் பணம் வரவா, கடனா?

கல்யாணம், காதுகுத்து முதலிய சுபகாரியங்களில் உறவினரும் ஊராரும் மொய் எழுதுவது தமிழ்நாட்டுக் கிராமங்களில் நெடுநாளாக இருந்துவரும் வழக்கம். புதுக்கோட்டை மாவட்டத்துக் கீரமங்கலம், தஞ்சாவூர் மாவட்டத்துப் பேராவூரணி ஆகிய பகுதிகளில் இதற்கென்றே ஆடி, ஆவணி மாதங்களில் மொய் விருந்து நடத்துவதும் உண்டு.

மொய் செய்தவரின் பெயர், ஊர், தொகை மூன்றும் நோட்டில் பதியப்படுகின்றன. அவர் வீட்டில் விசேஷம் நேரும்போது அத்தொகையைத் திருப்பிச் செய்வது பெற்றவர் கடமை. இதற்குப் பத்திரமில்லை, வட்டியுமில்லை, நாணயமே ஜாமீன்.

உதாரணமாக, 500 ரூபாய் மொய் பெற்றவர் பின்னர் 800 ரூபாய் செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அதில் 500 பழைய கணக்கிற்குச் சரியாகும்; மிச்சம் 300 அவருக்கு வரவேண்டிய பாக்கியாகும். ஆகையால் வந்த மொய் முழுவதையும் லாபமென்று எண்ணுவது பிழை. அதைக் கொண்டு கிணறு வெட்டினாலும் கறவை மாடு வாங்கினாலும் திருப்பிச் செய்ய வழி பிறக்கும். பந்தலுக்கும் விருந்துக்குமே செலவழித்துவிட்டால், ஒரே மாதத்தில் ஐந்தாறு அழைப்புகள் வரும்போது வீட்டு நகை அடகுக்குப் போகும்.

1904-ஆம் வருஷத்துச் சட்டத்தின் கீழ்த் தோன்றிய கிராம ஐக்கிய நாணயச் சங்கங்களும் அங்கத்தினரின் பரஸ்பர நம்பிக்கையையே ஆதாரமாகக் கொண்டன. அங்கும் பெற்றதைத் தவணையில் செலுத்துவதே முதல் விதி.

எனவே, மொய் நோட்டில் வந்ததையும் செய்ததையும் தனித்தனியே எழுதி, வருஷத்துக்கொருமுறை நிலுவை பார்ப்பது நலம். அறுவடை முடிந்தவுடன் அந்நிலுவைக்கென ஒரு தொகையைச் சங்கத்தில் சேமித்து வைப்பவர், அழைப்பிதழைக் கண்டு அஞ்சார்.